ஒரே ஓர் எதிர்ப்பு

மைசூரில் நடந்த ‘கூட்டுழைப்பு’ பொருளாதாரப் பத்திரிகைக்கு முதலாளியே கிடையாது. அச்சுக்கோக்கும் லிங்கப்பன் உட்படப் பதினொரு பேரும் சமம். அதனால் லீவு கொடுக்கவும் ஆள் கிடையாது; கூட்டம் கூடிக் கை தூக்க வேண்டும்.

சொந்த ஊரான ஹனூரில் மனைவிக்குச் சீக்கு என்று லிங்கப்பன் கொடுத்த விண்ணப்பம் மூன்று கூட்டங்களாகத் தள்ளிப்போனது. ‘தொழிலாளியின் ஓய்வுரிமை’ சிறப்பிதழ் பற்றிய விவாதம் முடிந்தபாடில்லை.

நான்காம் கூட்டத்தில் ஆசிரியர் ஸ்ரீகண்டன் எழுந்தார்.

“லிங்கப்பனுக்கு ஒரு வாரம் லீவு. ஆதரிப்பவர்கள்?”

பத்துக் கைகள் உயர்ந்தன.

“எதிர்ப்பவர்கள்?”

லிங்கப்பன் கை தூக்கினான்.

“என்னய்யா, உன் லீவை நீயே எதிர்க்கறே?”

“காலைல தந்தி வந்துச்சுங்க. நேத்தே அடக்கம் பண்ணிட்டாங்களாமுங்க. இனிப் போயி யாரைப் பாக்கறதுங்க?”

ஸ்ரீகண்டன் குனிந்து குறிப்பேட்டில் எழுதினார்: ‘ஓர் எதிர்ப்புடன் தீர்மானம் நிறைவேறியது.’