சிவப்பு ரிப்பன்

"பாக்கெட்டு சிவப்புல்லா, கோடும் சிவப்புலயே இருந்தா நல்லாருக்கும். அடிக்கலாம்லா?" என்று ஏஞ்சலின் கேட்டாள்.

பிளாரன்ஸ் கணினித் திரையிலிருந்து தலையைத் திருப்பவில்லை.

பார்கோடு அடிக்க வருகிற எல்லோரிடமும் அவள் முதலில் சொல்வது, சிவப்பு வேண்டாம் என்பதைத்தான். கடை ஸ்கேனர் பாய்ச்சுவது சிவப்பு வெளிச்சம். அதற்குச் சிவப்புக் கோடு தெரியாது. வெறும் வெள்ளைத் தாளாகத்தான் தெரியும். உடன்குடியிலிருந்து வருகிற கருப்பட்டி வியாபாரியானாலும் சரி, கருவாடு ஏற்றுமதி செய்கிறவரானாலும் சரி, சொல்லிவிடுவாள்.

"அடிக்கலாமே," என்றாள்.

ஏஞ்சலின் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். புதுப் புடவை. மடியில் கூனிப்பொடி பாக்கெட். காய்ந்த கூனி இறாலை மிளகாயோடு வறுத்து அரைத்தது. மேலே பெரிதாக 'ஏஞ்சலின்' என்று போட்டிருந்தது.

அந்தப் பொடியை முதன்முதலில் வறுத்தது பிளாரன்ஸின் அடுப்பில். இரண்டு பேரும் சேர்ந்துதான் ஆரம்பித்தார்கள். பூண்டு சேர்த்தால் வாடை அடங்கும் என்று கண்டுபிடித்ததே பிளாரன்ஸ்தான்.

வீடெல்லாம் நாறுகிறது என்று அவள் கணவன் முகம் சுளித்தான். விட்டுவிடு என்று அவன்கூடச் சொல்லவில்லை. இது எங்கே விற்கப்போகிறது என்று அவளே விலகிக்கொண்டாள்.

ஏஞ்சலின் தனியாக வறுத்தாள். வீடு வீடாகக் கொண்டுபோய் விற்றாள். இப்போது மதுரையில் பெரிய சூப்பர் மார்க்கெட்டில் வைக்கப்போகிறார்களாம். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்தால் பெண்கள் அவளைச் சுற்றி நிற்கிறார்கள்.

பிளாரன்ஸோ நாள் முழுக்க அடுத்தவர்கள் பொருளுக்கு எண் அடித்துக்கொண்டிருந்தாள்.

பிரிண்டரைத் திறந்து கறுப்பு ரிப்பனைக் கழற்றினாள். சிவப்பை மாட்டினாள்.

மதுரையில் பில் போடுகிற பெண் பாக்கெட்டை ஸ்கேனரில் திருப்பித் திருப்பிக் காட்டுவாள். பின்னால் வரிசையில் நிற்பவர்கள் முணுமுணுப்பார்கள். அப்புறம் பெட்டி பெட்டியாகத் திரும்பி வரும்.

நினைக்க நினைக்க நெஞ்சுக்குள் இதமாக இருந்தது.

யாரும் அவளைக் குறை சொல்ல முடியாது. கேட்டதைத்தானே அடித்துக் கொடுக்கிறாள்.

கீழே துறைமுகத்துக்குப் போகிற லாரிகள் இரைந்தன. ஸ்டிக்கர்கள் சுருள் சுருளாக வந்துகொண்டிருந்தன. பார்க்க அழகாகத்தான் இருந்தன.

ஏஞ்சலின் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரே ஒரு முறை, "வேற ஒண்ணும் பாக்க வேண்டாமா ஏளா?" என்று கேட்டாள்.

"ஒண்ணும் வேண்டாம்."

பிளாரன்ஸ் சுருளைக் கவரில் போட்டு நீட்டினாள்.

ஏஞ்சலின் கை நீட்டவில்லை.

"சிவப்பு ஓடாதுன்னு போன வாரமே மதுரைக் கடையில சொல்லிட்டாவ," என்றாள். குரலில் கோபம் இல்லை. "அவகிட்டப் போவாத, வேணும்னே கெடுத்துருவான்னு வீட்ல அவிய சொன்னாவ. அவ அப்படிப்பட்டவ இல்லன்னு நான்தான் சண்ட போட்டுட்டு வந்தேன்."

பிளாரன்ஸின் கையிலேயே கவர் நின்றது.

ஏஞ்சலின் எழுந்து, புடவைக் கொசுவத்தைச் சரிசெய்துகொண்டாள்.

"கறுப்புல அடிச்சு வையி. சாயங்காலம் வந்து வாங்கிக்கிடுதேன். கேட்டதுமே சிவப்பு ஓடாதுன்னு நீ சொல்லிட்டன்னு வீட்ல சொல்லிக்கிடுதேன்."

அவள் படியிறங்கிப் போவதைப் பிளாரன்ஸ் பார்த்துக்கொண்டே நின்றாள். வந்தபோது இருந்ததைவிட இப்போது அவள் மேல் இன்னும் பொறாமையாக இருந்தது.