கடைசிப் படகு

எழுவைதீவு அலுவலகத்தில் தற்காலிக ஊழியர்களைப் பார்க்க யாழ்ப்பாணத்திலிருந்து வந்த அதிகாரி, கோப்பைத் திறக்காமலே, எதிரில் நின்றவரிடம் சொன்னார்:

“உமக்கு நிரந்தர நியமனம் தர ஏலாது, வாகீசன்.”

“மகன் பிறக்க முன்னமே வேலைக்கு வந்தனான், சேர். அவன் இப்ப ஓ.எல். சோதினை எழுதிறான். நான் இன்னும் தற்காலிகமோ?”

“விருப்பமில்லாட்டி விட்டிட்டுப் போம். நீர் இல்லாட்டி இஞ்சை ஒண்டும் நிண்டுபோகாது.”

“அப்ப இப்பவே விடுறன்.”

“நல்ல சந்தோசம்!” அதிகாரி மணிக்கூட்டைப் பார்த்துவிட்டுப் பையைத் தூக்கினார். “கடைசிப் படகுக்கு நேரமாகுது. படகோட்டியைக் கூப்பிடும்.”

“அவர் வேலையை விட்டிட்டார், சேர்.”

“என்ன விசர்க்கதை? காலமை என்னைக் கொண்டுவந்து இறக்கினவர்தானே! எப்ப விட்டவர்?”

“இப்பதான். நீங்களும் சந்தோசம் எண்டு சொன்னனீங்கள்.”

அதிகாரி பையைக் கீழே வைத்தார்.

“காலமை கடல் அடிக்க, கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு வந்தனீங்கள். அதுதான் என்ரை முகம் உங்களுக்குத் தெரியேல்லை.”

படகின் சாவியை மேசையில் வைத்த வாகீசன், யாரும் சொல்லாமலே கதிரையை இழுத்துப்போட்டுச் சாய்ந்து உட்கார்ந்தார்.

“சொல்லுங்கோ சேர், இந்தத் தீவிலை நீங்கள் தற்காலிகமா நிக்கப்போறியளோ, நிரந்தரமாவோ?”