மாதிரிக்கு ஒரு தடம்

மார்ச் பதினான்காம் தேதி, காலை ஒன்பது மணிக்கு, விளையாட்டு விடுதியின் எடைப்பயிற்சி அறையில், நீளம் தாண்டும் பெண்களுக்கான முகாமில் எஞ்சியிருந்த ஒரே இடத்துக்குத் தேர்வு நடந்தது. போட்டியிட்டவர்கள் இருவர். ஒருத்தி தடகளச் சங்கச் செயலாளரின் மகள். மற்றவள் பயிற்சியாளர் அம்மையார் ஆண்டுக்கணக்கில் உருவாக்கிய மாணவி.

நின்ற இடத்திலிருந்து மேல்நோக்கி ஒரே குதி. காலில் எவ்வளவு உந்துபலம் இருக்கிறது என்பதைத் தரையில் விரித்த மின்னணுப் பாய் சொல்லும்.

செயலாளரின் மகள் குதித்தாள். ஐம்பத்திரண்டு சென்டிமீட்டர் என்றது பாய். மாணவிக்கு நாற்பத்தொன்பது.

செயலாளர் பல்லெல்லாம் தெரியச் சிரித்தார்.

அம்மையாருக்கு அந்தப் பல்வரிசையைக் கண்டாலே ஆகாது. ஒரு வாக்கியத்தை முழுதாக முடிக்கத் தெரியாதவர் சங்கத்தை நடத்துகிறார். மகளோ, இறங்கும்போது முழங்காலை வயிறுவரை மடக்கிக்கொண்டாள். பாய்க்கு உயரம் தெரியாது; கால் தரையில் படாமல் இருந்த நேரம் மட்டுமே தெரியும். காலை மடக்கினால் நேரம் நீளும், எண் ஏறும். உடம்பில் இல்லாத பலத்தை எண்ணில் காட்டும் மலிவான வித்தை.

"உங்க பொண்ணு அந்தரத்துல சம்மணம் போட்டு உக்காருது. விட்டா அங்கேயே ஒரு தூக்கம் போட்டுட்டு இறங்கும்."

"மெஷினை நம்பாம வேற எதைங்க மேடம் நம்புறது? போன மாசம் நீங்களே இதை வச்சுத்தானே..."

வழக்கம்போல முடிக்கவில்லை.

அம்மையார் பாயைச் சுருட்டச் சொன்னார். இனிச் சுவர்தான். விரலில் சாக்பீஸ் தூளைத் தோய்த்து, நின்றபடி கை எட்டும் இடத்தில் ஒரு தடம். குதித்துத் தொடும் இடத்தில் இன்னொரு தடம். நடுவில் இருக்கும் இடைவெளிதான் பலம். இதில் மடக்கி ஏமாற்ற ஒன்றுமில்லை.

"ஏய் கட்டை, இங்க வா. எப்படித் தொடணும்னு இதுங்களுக்குக் காட்டு."

மூலையில் எடைத்தட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்தவள் வந்தாள். அவளும் நீளம் தாண்டுபவள்தான். காலை மடக்காமல் விறைப்பாக இறங்குவதால் அந்தப் பெயர். போன மாதம் இதே பாய் அவளுக்கு நாற்பத்தாறு கொடுத்தது. முகாமுக்குத் தகுதி நாற்பத்தெட்டு. அம்மையார் மறுபேச்சின்றிக் கழித்துவிட்டார்.

தொட்டாள். குதித்தாள். விறைப்பாக இறங்கி, தட்டுகளிடம் திரும்பிப் போனாள்.

அவள் தடங்களுக்கு அருகிலேயே மற்ற இருவரும் குதித்தார்கள். அம்மையார் இரும்பு நாடாவை மேலே நீட்டித் தாமே அளந்தார். செயலாளரின் மகளுக்கு நாற்பத்தொன்று. மாணவிக்கு நாற்பத்துநான்கு.

செயலாளரின் வாய் மூடியது. அதைப் பார்க்க அம்மையாருக்கு அலுக்கவில்லை.

ஆனால் செயலாளர் சுவரையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"ஓரத்துல இருக்கிற இடைவெளி ரெண்டையும் விடப் பெரிசா தெரியுதே மேடம். அது யாரு..."

"அது மாதிரிக்கு."

அம்மையார் ஈரத்துணியை எடுத்தார். கீழ்த்தடத்தை ஒரே இழுப்பில் துடைத்தார். மேல்தடம் எட்டவில்லை. தாண்டும் பெட்டியை இழுத்துப்போட்டு, அதன் மேல் ஏறித் துடைத்தார்.

மூலையில் தட்டு அடுக்கும் சத்தம் சற்று நின்று, மறுபடி தொடங்கியது.

பயிற்சியாளரின் மாணவி முகாமுக்கு ஒருமனதாகத் தேர்ந்தெடுக்கப்பட்டாள். மின்னணுப் பாயின் அளவு நம்பத்தக்கதன்று என்பதால் இனி எந்தத் தேர்விலும் அதைப் பயன்படுத்துவதில்லை என்றும், அதைக் கொண்டு ஏற்கெனவே எடுக்கப்பட்ட முடிவுகள் மாற்றமின்றி நிற்கும் என்றும் தீர்மானிக்கப்பட்டது.