லாரிசாவின் க்ளோசப்

வதீம் லாரிசாவை வைத்த கண் வாங்காமல் பார்த்துக்கொண்டிருந்தான். அதுவும் கட்டின மனைவி ரிம்மாவின் கண்ணெதிரிலேயே.

ரிம்மா பொத்தானை அழுத்தினாள். எடிட்டிங் மேசையின் சின்னத் திரையில் வதீமின் முகம் அப்படியே நின்றது. உதடு லேசாகப் பிரிந்து, இமை தாழ்ந்து, பார்வை குழைந்து கீழே இறங்கியிருந்தது. கல்யாணமான இத்தனை வருடத்தில் ஒருநாள்கூட அவளை அவன் இப்படிப் பார்த்ததில்லை.

"நடிப்புன்னு மட்டும் சொல்லாதே கிளாவா. இந்த ஆளோட நடிப்பு எனக்குத் தெரியாதா? லெனின்கிராடுலயே மட்டமான நடிகனைப் படத்துக்குப் படம் வெட்டி ஒட்டி, ஹீரோ ஆக்கி வச்சிருக்கறதே நான்தான்."

உதவியாளர் கிளாவா முக்காலி மேல் ஏறி நின்று ஆணிகளில் பிலிம் துண்டுகளை மாட்டிக்கொண்டிருந்தாள். முக்காலி இல்லாவிட்டால் எந்த ஆணியும் அவளுக்கு எட்டாது.

"பிலிம் பெட்டி வாங்க ஷூட்டிங் நடந்த யால்டாவுக்குப் போனேனே, அப்பவே பார்த்தேன் ரிம்மா பாவ்லொவ்னா. கடற்கரையில ஒரே சிரிப்பு, கும்மாளம். முதல் படத்துலயே அந்த லாரிசாவுக்கு என்ன துணிச்சல்!"

"அவ க்ளோசப் ஒண்ணு விடாம எடு, வெட்டிடறேன். நாளைக்கு ஸ்டுடியோ பெரியவங்க படம் பார்த்து ஒப்புதல் குடுத்துட்டா, அப்புறம் யாராலயும் கை வைக்க முடியாது."

கத்தரிக்கோல் ஓயவில்லை. மதியத்துக்குள் படத்தில் லாரிசா என்று மிஞ்சியது ஒரு முதுகும் ஒரு தொப்பியும்தான். ரிம்மா எலுமிச்சை போட்ட டீயைத் திருப்தியாகக் குடித்தாள்.

கதவு திறந்தது. மேல் நிலை தலையில் இடிக்காமல் குனிந்து உள்ளே வந்தாள் லாரிசா. வதீம் உயரம் இருப்பாள். கோட்டில் பனி, கண்ணில் நீர்.

"என்னை மொத்தமா வெட்டிட்டீங்களாமே ரிம்மா பாவ்லொவ்னா? எங்கம்மா படம் பார்க்க சரத்தோவ்லேர்ந்து ரயிலேறி வரப்போறாங்க. நான் என்ன தப்பு பண்ணேன்?"

"தெரியாதா உனக்கு?" ரிம்மா திரையைத் தட்டிக் காட்டினாள். "இந்தப் பார்வை யாருக்கு? கேமராவுக்குப் பக்கத்துல நின்னு என் புருஷன்கிட்ட என்ன கொஞ்சிட்டிருந்தே, சொல்லேன்!"

லாரிசா குனிந்து பார்த்தாள்.

"இந்த ஷாட்டா? இது எடுத்தப்ப நான் கணுக்கால் சுளுக்கி ஆஸ்பத்திரியில கிடந்தேன். அடுத்த வாரம் என்னைத் தனியா எடுத்தாங்க. எனக்கு எதிர்ல நின்னது ஒரு விளக்குக் கம்பம். அதைப் பார்த்துத்தான் அவ்வளவு காதலும் பண்ணேன்."

எங்கோ எப்போதோ எடுத்த இரண்டு முகங்களை ஒட்டிக் காதலை உண்டாக்குவதுதான் ரிம்மாவின் பிழைப்பு. கடைசியில் தான் ஒட்டியதில் தானே ஏமாந்திருக்கிறாள். வெட்கமாக இருந்தது. ஆனாலும் நெஞ்சிலிருந்து பெரிய பாரம் இறங்கிவிட்டது.

"அழாதே பொண்ணே. இன்னிக்கே எல்லாத்தையும் திரும்ப ஒட்டிடறேன். கிளாவா, அந்தத் துண்டெல்லாம் எடு."

கிளாவா முக்காலியை விட்டு இறங்காமல், மாட்டிய துண்டுகளையே திரும்பத் திரும்ப மாட்டிக்கொண்டிருந்தாள்.

ரிம்மா மறுபடி திரையைப் பார்த்தாள். வதீமின் கண்கள் கீழே குனிந்து யாரையோ கொஞ்சிக்கொண்டிருந்தன.

"அப்போ உனக்குப் பதிலா அங்க நின்னு வசனம் சொன்னது யாரு?"

லாரிசா மூக்கை உறிஞ்சிக்கொண்டு வெகுளியாகக் கை நீட்டினாள்.

"இதோ, முக்காலி மேல நிக்கறாங்களே, இவங்கதானாம்."