மாதுளைக்கு என்ன காரணம்?

மனிதன் ஏன் எதையும் செய்கிறான் என்று சொல்லும் உளவியல் கொள்கைகள் அத்தனையையும் கரைத்துக் குடித்திருந்தது சுவரிலிருந்த நோக்கமானி. பயமா, பரிசா, பாராட்டா என்று நொடியில் சொல்லிவிடும். பரஞ்சோதி மனைவிக்கு மாதுளை உரித்து நீட்டியதும் அது சிவந்தது: ‘நோக்கம் பிடிபடவில்லை.’

பூங்கோதை கிண்ணத்தைத் தொடவில்லை. “என்னைக்கும் இல்லாத கரிசனம்! என்ன தப்பு பண்ணினீங்க?”

“சும்மாதான்டி.”

“சும்மாங்கிற காரணமே மெஷின்ல இல்லீங்க.”

தப்பிக்க வழியில்லாமல் பரஞ்சோதி அவசரமாக ஒரு குற்றத்தைத் தேடிப் பிடித்தார். “உன் தம்பி கல்யாணத்துக்கு நான் வராம இருக்கத்தான்!”

‘பொய்,’ என்றது நோக்கமானி.

முறைத்தவள் சிரித்துவிட்டாள். ஒரு கை மாதுளை முத்துகளை அள்ளி அவர் வாயில் திணித்தாள். நோக்கமானி மறுபடி சிவந்தது.

இப்போது பரஞ்சோதிக்குச் சந்தேகம் வந்தது. “எதுக்குடி?”

“சும்மாதான்.”