காமிராவுக்கு முன்னால் நைனா

திருத்தணி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் அந்தக் கூட்டத்தை நான்தான் முதலில் பார்த்தேன். பார்க்காமலே இருந்திருக்கலாம்.

நடுவில் ஸ்டூல் போட்டு ஓர் ஆள். மூஞ்சியில் மீசை, உடம்பில் புடவை. கழுத்தில் தொங்குகிற அட்டையில், 'நான் யார்? சொல்லிவிட்டுப் போங்கள்.' எதிரே சாவி கொடுத்தால் ஓடுகிற சினிமா காமிரா, ஒரு டேப் ரெக்கார்டர்.

ஆடிக் கிருத்திகைக்கு வந்த சனம், தோளில் காவடியோடு வரிசையில் நின்று சொல்லிக்கொண்டிருந்தது.

"பைத்தியம்."

"கூத்துக்காரன்பா. வேஷம் கலைக்காம ஒக்காந்துகினு கீறான்."

"ஆம்பளையா பொறந்துட்டு... த்தூ!"

எல்லாருக்கும் ஒரு கும்பிடு போட்டுவிட்டு அந்த ஆள் மறுபடியும் சாவி முறுக்கினான். அப்போதுதான் மூஞ்சியைச் சரியாகப் பார்த்தேன்.

மணவாளன். என் அண்ணன். அம்மா புடவையைக் கட்டிப் பார்த்தான் என்று நைனா அடித்துத் துரத்தினாரே, அவனேதான். மெட்ராசில் படம் எடுக்கிறான், தெருவில் வேஷம் கட்டி நிற்கிறான் என்று காதில் விழும். நான் நம்பவில்லை.

என்னோடு கோயிலுக்கு வந்திருந்த நைனாவை வேறு பக்கம் இழுத்துப் போவதற்குள் எங்கள் பொதட்டூர்பேட்டை தேசப்பன் பார்த்துத் தொலைத்தார்.

"யோவ் பரந்தாமா! இங்க வாய்யா! உம் புள்ள பொம்பளையாயிட்டான். யாருன்னு நீயே சொல்லுய்யா!"

கூட்டம் வழி விட்டது. அண்ணன் எழுந்து நின்றான்.

"சொல்லுங்க நைனா. உங்க வாயால ஒரு வார்த்த சொன்னா போதும்."

காமிரா கரகரவென்று ஓடியது.

நைனா அவனை மேலும் கீழும் பார்த்தார்.

"ஆரோ, எவனோ. எனக்குத் தெரியாது."

ஒரே சிரிப்பு. தேசப்பன் விசில் அடித்தார். விடுவிடென்று நடந்த நைனா, சட்டென்று நின்று திரும்பினார்.

"டேய்! பொடவ சேத்துல இழுவுது பாரு. தூக்கிச் சொருவு!"

சிரிப்பு இன்னும் பெரிசானது.

எனக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தது. பெற்ற பிள்ளை சந்தி சிரிக்க நிற்கிறான், இவருக்குப் புடவைதான் பெரிசா? நாலு பேர் முன்னால் கேட்டுவிடுவது என்றே கிளம்பினேன்.

"அம்சா, அழுவாத. தொடச்சிக்கோ" என்று அண்ணன் முந்தானையை நீட்டினான்.

கண்ணுக்குக் கொண்டுபோன கை அப்படியே நின்றுவிட்டது.

கத்திரிப்பூ நிறம். முந்தி ஓரத்தில் ஒரு விரற்கடை மட்டும் வேறு சாயம். நூல் பத்தாமல் நான் வேறு சாய நூலைத் தார்க்குச்சியில் சுற்றிக் கொடுத்ததால் விழுந்த பட்டை அது.

போன மாசம் எங்கள் வீட்டுத் தறியில், 'புத்தூர் கல்யாணப் பொண்ணுக்கு' என்று சொல்லி, நைனா யாரையும் தொட விடாமல் நெய்த புடவை.