இரண்டாவது படம்

மார்பைப் பலகையில் ஒட்டி, தோள்களை முன்னால் தள்ளி, முதுகைக் காட்டிக்கொண்டு அக்கா நிற்கிறாள். கதிரைத் தடுக்கும் ஈயக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம், எக்ஸ்ரே எடுக்கும் அவளுடைய தம்பி திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. வலது நுரையீரலின் மேல்பகுதியில் ஒரு வெளுப்பு, கரும்பலகையில் விரலால் தேய்த்த சாக்பீஸ் கோடுபோல் ஓரம் கலங்கிக் கிடக்கிறது. “நீ அசைஞ்சுட்டக்கா. இன்னொண்ணு எடுத்துடுவோம்,” என்கிறான். “நானா? கல்லு மாதிரி நின்னேன்டா. எடுக்கத் தெரியாதவன் பேசுற பேச்சப் பாரு,” என்று அவள் பலகையிடமே சொல்லிச் சிரிக்கிறாள்; சிரிப்பு இருமலில் போய் முடிகிறது. அது அடங்கும்வரை காத்திருந்து, “மூச்சை நல்லா இழுத்துப் பிடி,” என்று சொல்லிப் பொத்தானை அழுத்துகிறான். சாம்பல் திரையில் விலா எலும்புகள் ஒவ்வொன்றாகத் தெளிகின்றன. இம்மியும் அசங்காத படம். வெளுப்பு அங்கேயேதான் இருக்கிறது. இப்போது அதன் ஓரத்தில் முள் முள்ளாக நீட்டிக்கொண்டிருப்பதுகூடத் தெரிகிறது. படத்தில் கறுப்பு வெளுப்பைப் பிரித்துக் காட்டும் கான்ட்ராஸ்டைக் குறைக்கிறான். அது விலா நிழல்களோடு கரைந்து, இல்லவே இல்லை என்பதுபோல் ஆகிறது. கொஞ்ச நேரம் அப்படியே வைத்திருக்கிறான். பிறகு கூட்டுகிறான், சொல்லிவைத்தாற்போல் அதே இடத்தில் வந்து நிற்கிறது. மறுபடி குறைக்கிறான். மறுபடி கூட்டுகிறான். தலையை நிமிர்த்தும்போதுதான் கண்ணாடிக்கு அப்பால் அவளுடைய தோள்கள் நடுங்குவதைப் பார்க்கிறான். இந்த முறை தன்மேல் பழி வந்துவிடக் கூடாதென்று, அவன் விடச் சொல்ல மறந்த மூச்சை அக்கா இன்னும் பிடித்துக்கொண்டு நிற்கிறாள்.